போனவர் பேர் என்ன? – வாசகர் கேள்வி பதில்

செட்டிநாடு கால்நடைப் பண்ணைப் பக்கம் கிடக்கிற பழைய விமான ஓடுதளத்தைப் பற்றிப் போன இதழில் இந்தப் பகுதியில் நாலு வரி எழுதியிருந்தேன், இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் போட்டது என்று. வந்த கடிதங்களில் ஓடுதளத்தைப் பற்றி எழுதியவர்கள் கொஞ்சம்தான். மற்றவர்கள் எல்லாம் பர்மாவையும் மலாயாவையும் தங்கள் வீட்டுப் பெரியவர்களையும் பற்றி எழுதியிருக்கிறார்கள். அதனால் இந்த முறை மற்ற கேள்விகளைத் தள்ளி வைத்துவிட்டு இதை மட்டும் எடுத்துக்கொண்டேன். பேர் போட வேண்டாம் என்று பலர் கேட்டிருப்பதால் ஊர் மட்டும் போட்டிருக்கிறது.

கே: உலகப் போரில் நம் பக்கம் ஒரு குண்டுகூட விழவில்லை. அப்புறம் ஏன் எங்கள் ஊர்ப் பெரியவர்கள் எதற்கெடுத்தாலும் சண்டைக்கு முன்னே, சண்டைக்குப் பின்னே என்று காலத்தைப் பிரித்துப் பேசுகிறார்கள்? – கல்லூரி மாணவர், கானாடுகாத்தான்

ப: குண்டு விழுந்தது ரங்கூனில், தம்பி. ஆனால் நம் ஊர்களுக்குச் சோறு அங்கிருந்துதான் வந்துகொண்டிருந்தது. 1930-ஐ ஒட்டி பர்மாவில் வங்கித் தொழிலை விசாரித்த அரசாங்கக் குழு, அங்கே 1,650 செட்டியார் கடைகள் இருப்பதாகவும் போட்டிருக்கிற முதல் 75 கோடி ரூபாய் இருக்கும் என்றும் கணக்குச் சொன்னது. அன்றைய 75 கோடி. அதே சமயம் உலகம் முழுக்க விலை சரிந்து, நெல் விலையும் விழுந்து, கடன் வாங்கியிருந்த பர்மிய விவசாயிகளால் வட்டிகூடக் கட்ட முடியாமல் போய், கடனுக்கு ஈடாக நிலமாகவே வந்து சேர்ந்தது. 1938 வாக்கில் கீழ் பர்மாவின் முக்கியமான நெல் மாவட்டங்களில் கால்வாசி நிலம் நகரத்தார் என்கிற நம் செட்டியார்கள் பேரில் இருந்தது. அங்கே நிலத்தை இழந்தவர்களுக்கு ஆறாத கோபம். இங்கே பணமெல்லாம் மண்ணாக மாறி, கையில் எடுக்க முடியாத நிலைமை. சண்டை வந்தபோது விஷயம் இப்படி இருந்தது.

1941 டிசம்பர் 8-ல் ஜப்பான்காரன் மலாயாவில் இறங்கினான். டிசம்பர் 23-ல் ரங்கூனில் குண்டு. பிப்ரவரி 15-ல் சிங்கப்பூர் விழுந்தது, மார்ச் முதல் வாரத்தோடு ரங்கூனும் போனது. எல்லாம் மூன்று மாதத்தில். கொண்டுவிற்க, அதாவது கடல் தாண்டித் தொழில் செய்யப் போனவர்கள் மூன்று வருஷக் கணக்கு முடிந்து வருவார்கள் என்று காத்திருந்த வீடுகளில் முதலில் பணம் வருவது நின்றது, அப்புறம் கடிதம் நின்றது, 1945 கடைசி வரைக்கும் ஆள் இருக்கிறாரா இல்லையா என்றே தெரியாமல் எத்தனையோ ஆச்சிமார் இருந்தார்கள். வைரம் அடகுக்குப் போனது. அப்புறம் வெள்ளி போனது. பாதியில் நின்ற வீட்டுவேலை அப்படியே நின்றது, அதனால் கொத்தனார் வீட்டிலும் ஆசாரி வீட்டிலும் அடுப்பு எரிவது குறைந்தது. பர்மாவிலிருந்து வருஷத்துக்குப் பத்து லட்சம் டன்னுக்கு மேல் வந்துகொண்டிருந்த அரிசி நின்றுபோய், நாடு முழுக்கவே அரிசித் தட்டுப்பாடு. இன்றைக்குக் கல்யாண வீட்டில் கவுனி அரிசி பரிமாறும்போது அது பர்மாவிலிருந்து வந்த பழக்கம் என்று பெருமையாகச் சொல்கிறோமே, அந்தத் தொடர்பு ஒரே குளிர்காலத்தில் அறுந்துபோனது. காலத்தை அந்த இடத்தில் பிரிக்காமல் வேறு எங்கே பிரிப்பார்கள்?

கே: எங்கள் அப்பத்தா பிள்ளையார் நோன்பன்று இழை எடுக்கும்போது மட்டும் கண்கலங்கிவிடுவார். கேட்டால் நெய்ப்புகை என்பார். அவர் காலமான பிறகு, அது ஏதோ பர்மா விஷயம் என்று அத்தை சொன்னார். நோன்புக்கும் பர்மாவுக்கும் என்ன சம்பந்தம்? – வாசகி, ஆத்தங்குடி

ப: நாள்தான் சம்பந்தம் அம்மா. கார்த்திகை தீபத்திலிருந்து 21 நாள் எண்ணி, மார்கழியில் சஷ்டியும் சதயமும் கூடுகிற நாளில் நோன்பு வைக்கிறோம். 1941-ல் மார்கழி அமாவாசை டிசம்பர் 18. அதிலிருந்து சஷ்டியை எண்ணிப் பாருங்கள், ரங்கூனில் முதல் குண்டு விழுந்த 23-ம் தேதிக்கும் மறுபடி விழுந்த 25-ம் தேதிக்கும் நடுவில் வந்து நிற்கும். முதல் நாள் விமானச் சத்தம் கேட்டு ஜனங்கள் ஓடி ஒளியாமல் தெருவில் நின்று அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள், குண்டு என்றால் எப்படி இருக்கும் என்று யாருக்கும் அதற்கு முன் தெரியாதே. ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். ரங்கூனில் அப்போது பாதிக்கு மேல் இந்தியர்கள்.

இங்கே வளவில் எல்லோரும் உட்கார்ந்து, பெரியவர் கையால் எரிகிற இழையை, அந்த நூல்திரியை, மாவோடு வாங்கி வாயில் போட்டுக்கொண்ட அந்த நேரத்தில் அங்கே என்ன நடந்துகொண்டிருந்தது என்பது இவர்களுக்குப் பின்னால்தான் தெரிய வந்தது. அது தெரிந்த பிறகு ஒவ்வொரு வருஷமும் அந்த இழையைக் கையில் வாங்குவது எப்படி இருந்திருக்கும் என்று யோசியுங்கள். யாரை நினைத்து அழுதார் என்பதை அத்தையிடமே கேளுங்கள். இவ்வளவு சொன்னவர் மிச்சத்தையும் சொல்வார், ஆனால் இந்த நோன்புக்கு முன்னாலேயே கேட்டுவிடுங்கள்.

கே: எங்கள் ஐயாவின் தம்பி 1942-ல் பர்மாவிலிருந்து நடந்து வரும் வழியில் இறந்துவிட்டார். எங்கே, என்றைக்கு என்று தெரியாது. முன்னோர்களுக்கு இலை போட்டுக் கும்பிடுகிற படைப்பில் அவருக்கு இலை போடுவதா வேண்டாமா என்று பங்காளிகளுக்குள் வருஷா வருஷம் பேச்சு வருகிறது. நாள் தெரியாமல் எப்படிப் படைப்பது? – வாசகர், பள்ளத்தூர்

ப: இலை போடுங்கள். இதில் பேச்சே வேண்டாம். திதி தெரியாதவர்களுக்கு மகாளய அமாவாசையில் கொடுப்பது ஊரறிந்த வழக்கம். வேறு சில வீடுகளில், கூட நடந்தவர் ஊர் வந்து சேர்ந்து செய்தி சொன்ன நாளையே நாளாக வைத்துக்கொண்டார்கள். இரண்டில் எது உங்கள் பங்காளிகளுக்கு ஒத்துவருகிறதோ அதைச் செய்யலாம்.

எங்கே என்ற கேள்விக்குக் கொஞ்சம் கிட்டத்தில் போய்ப் பார்க்க முடியும். கடை எந்த ஊரில் இருந்தது என்று முதலில் கண்டுபிடியுங்கள், விலாசம் போட்ட பழைய உறை, ரசீது ஏதாவது கிடக்கும். ரங்கூன், பெகு, பஸ்ஸீன் மாதிரித் தெற்கே இருந்தவர்கள் பெரும்பாலும் பிரோம் வரை போய், ஐராவதியைக் கடந்து, அரக்கான் மலையில் டாங்கூப் கணவாய் வழியாக ஏறி இறங்கி, கடற்கரையில் படகு பிடித்து அக்யாப், அங்கிருந்து சிட்டகாங் என்று வந்தார்கள். ஜனவரியிலிருந்து மார்ச் வரைக்கும்தான் இந்த வழியில் கூட்டம், நம் கணக்கில் தையும் மாசியும் பங்குனியும். மழையில்லாத காலம் என்பதால் மலையில் தண்ணீர் கிடையாது, இருந்த கொஞ்சத் தண்ணீரிலும் காலரா. மாண்டலேப் பக்கம் இருந்தவர்கள் மோனிவா, கலேவா, தாமு வழியாக இம்பாலுக்கு ஏறி, திமாப்பூரில் ரயிலைப் பிடித்தார்கள். கடைசியாகக் கிளம்பியவர்களுக்கு வடக்கே ஹூகாங் பள்ளத்தாக்கு மட்டும்தான் மிச்சம். மே மாதத்துக்கு மேல் மழை பிடித்துக்கொண்டு இடுப்பளவு சேற்றில், அட்டைக்கடியோடும் மலேரியாவோடும் அசாமில் லேடோ வரை. மூன்றிலும் கொடியது அதுதான்.

நடந்து வந்தவர்கள் நாலு லட்சத்துக்குக் குறையாது. வழியில் செத்தவர்கள் பல ஆயிரம் பேர், சரியான பட்டியல் எந்த அரசாங்கமும் எடுக்கவில்லை. தாமு வழியில் வெள்ளைக்காரர்களுக்கு ஒரு பாதை, மற்றவர்களுக்கு ஒரு பாதை என்று பிரித்து வைத்தார்கள் என்ற புகார் அப்போதே டெல்லி வரை போய்ப் பெரிய சண்டையானது.

ஒன்று சொல்ல வேண்டும், பங்காளிகளிடமும் சொல்லுங்கள். உங்கள் ஐயா தம்பியோடு நடந்து வந்து ஊர் சேர்ந்தவர்கள் வாயைத் திறக்காமலேயே இருந்துவிட்டார்கள் என்று கடிதத்தின் அடியில் எழுதியிருக்கிறீர்கள். அதை மறைத்தார்கள் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். காலரா கண்டவரைத் தூக்கிக்கொண்டு மலை ஏற முடியாது. கூட நின்றால் நின்றவருக்கும் சாவு. மரத்தடியில் உட்கார வைத்து, இருக்கிற தண்ணீரைப் பக்கத்தில் வைத்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் நடந்தவர்கள்தான் ஊர் வந்து சேர்ந்தார்கள். அவர்கள் அந்த வீட்டுப் பெரியவர்கள் முகத்தைப் பார்த்து எதைச் சொல்வார்கள்? ஊரணியில் குளிக்கும்போதும் கோயிலிலும் நாற்பது ஐம்பது வருஷம் எதிரெதிரே பார்த்துக்கொண்டு, அந்த ஒரு விஷயத்தை மட்டும் பேசாமல் வாழ்ந்திருக்கிறார்கள். சின்ன ஊரில் அது எத்தனை கஷ்டம் என்று நமக்குத் தெரியும்.

கே: வீட்டைக் காலி செய்யும்போது இரும்புப் பெட்டியில் ஜப்பான் நோட்டு ஒரு கட்டு கிடைத்தது. லட்சக்கணக்கில் போகும் என்று வாட்ஸப்பில் சொல்கிறார்களே, உண்மையா? – வாசகர், கோட்டையூர்

ப: போகாது. ஜப்பான்காரர்கள் பிடித்த நாடுகளில் எல்லாம் மூட்டை மூட்டையாக அச்சடித்துத் தள்ளியது, இன்றைக்கும் சேகரிப்பவர்களிடம் சாதாரண விலைக்கே கிடைக்கிறது. ரூபாய் என்று போட்டு, பி என்ற ஆங்கில எழுத்தில் வரிசை ஆரம்பித்தால் பர்மா நோட்டு. டாலர் என்று போட்டு எம் என்ற எழுத்து இருந்தால் மலாயா நோட்டு. மலாயாவின் பத்து டாலர் நோட்டில் வாழைமரம் குலையோடு நிற்கும். 1945-ல் பிரிட்டிஷ்காரர்கள் திரும்பி வந்ததும் எல்லாம் வெறும் காகிதம் என்று அறிவித்துவிட்டார்கள்.

ஆனால் அந்தக் கட்டு உங்கள் வீட்டைப் பற்றி ஒரு விஷயம் சொல்கிறது. உங்கள் வீட்டுப் பெரியவர் ஒருவர் கப்பலும் ஏறாமல் நடந்தும் வராமல், ஜப்பான்காரன் ஆட்சி முழுக்க அங்கேயே இருந்து பிழைத்திருக்க வேண்டும். சண்டைக்கு முன்னால் நல்ல டாலரில் வாங்கிய கடனை இந்த நோட்டில் கொண்டுவந்து அடைத்தவர்கள் நிறைய. வாங்க மாட்டேன் என்று சொல்ல முடியாத காலம். அப்படி அடைத்த கடன் அடைந்ததா இல்லையா என்று சண்டைக்குப் பிறகு வழக்கு மேல் வழக்கு வந்து, அதற்கென்றே 1948-ல் மலாயாவில் தனிச் சட்டம் போட வேண்டியிருந்தது. பெட்டியில் நோட்டோடு வேறு காகிதம் எதுவும் இருந்தால் அதையும் சேர்த்து வையுங்கள், நோட்டை விட அதுதான் முக்கியம்.

கே: எங்கள் ஊரில் மருதுபாண்டியரை நேற்று இந்தத் தெரு வழியாகப் போன ஆள் மாதிரிப் பேசுவார்கள். இருநூறு வருஷத்துக்கு மேல் ஆன சண்டை எப்படி இன்னும் நினைவில் நிற்கிறது? – வாசகி, கல்லல் அருகே

ப: அந்தச் சண்டை உங்கள் ஊர்க் காட்டிலேயே நடந்தது, அதனால்தான். 1801-ல் கும்பினிப் படை சிறுவயலுக்கு வந்து சேர்ந்தபோது சின்ன மருது இருந்த அந்த ஊர் எரிந்துகொண்டிருந்தது, எதிரி கைக்குப் போகக் கூடாது என்று நம் ஆட்களே வைத்த நெருப்பு. அங்கிருந்து காளையார்கோவிலுக்குக் காட்டை வெட்டிப் பாதை போடப் பார்த்தார்கள். ஒரு மாதம் போல வெட்டியும் முடியாமல் படை திரும்பிப் போனது. அக்டோபர் முதல் தேதி வேறு வழியாக வந்து காளையார்கோவிலைப் பிடித்தார்கள். அக்டோபர் 24-ல் திருப்பத்தூரில் மருது சகோதரர்களைத் தூக்கில் போட்டார்கள். கோபுரத்தை இடித்துவிடுவோம் என்று மிரட்டியதால்தான் அவர்கள் தாங்களாக வந்து நின்றார்கள் என்று நம் பக்கத்துப் பெரியவர்கள் சொல்வார்கள். மறு வருஷம் சின்ன மருது மகன் துரைசாமி உட்பட எழுபதுக்கும் மேற்பட்டவர்களைப் பினாங்குக்கு நாடு கடத்தினார்கள்.

அந்தக் கோபுரம் நிற்கிறது, குன்றக்குடியில் அவர்கள் செய்த திருப்பணி நிற்கிறது, வருஷா வருஷம் அக்டோபரில் காளையார்கோவிலில் குருபூஜை நடக்கிறது. அதனால் பிள்ளைகளுக்குச் சொல்ல ஒரு நாளும் ஒரு இடமும் இருக்கிறது. 1942-ல் மலையிலும் காட்டிலும் செத்துப்போன நம் ஊர் ஆட்களுக்கு அப்படி ஒரு நாளோ ஒரு கல்லோ எந்த ஊரிலும் நான் பார்த்ததில்லை. 1801-ஐச் சொல்லத் தெரிகிற பிள்ளைகளுக்கு 1942 தெரியாமல் போவது இதனால்தான் என்று எனக்குப் படுகிறது.

கே: எங்கள் தாத்தாவின் அண்ணன் ஒரு செட்டியார் கடைக்குச் சமையல் ஆளாகப் பர்மா போனவர், திரும்பி வரவில்லை. முதலாளி வீட்டில் பெரிய படம் மாட்டியிருக்கிறது, ஆத்திச்சூடி மாதிரி ஏழு தலைமுறைப் பேர் சொல்கிறார்கள். எங்கள் ஆளைப் பற்றி மட்டும் யாருக்கும் தெரியவில்லை. கோபமாக எழுதவில்லை, தெரிந்துகொள்ள வேண்டும் என்று எழுதுகிறேன். – வாசகர், தேவகோட்டை அருகே

ப: கோபமாகவே எழுதியிருந்தாலும் தப்பில்லை. இந்த முறை வந்த கடிதங்களில் நான் திரும்பத் திரும்ப எடுத்துப் படித்தது உங்களுடையதைத்தான்.

நம் ஊர்களில் போரைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் பேச்சு எங்கே போய் நிற்கும் என்று கவனித்திருக்கிறீர்களா? எத்தனை ஏக்கர் போனது, எத்தனை லட்சம் போனது, ரங்கூன் மொகல் தெருவில் எத்தனை கட்டடம் போனது. போனது பெரிய சொத்துத்தான், நான் இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அந்தக் கணக்கு நினைவில் இருக்கிற அளவுக்கு ஆட்கள் நினைவில் இல்லை, அதிலும் கடையில் வேலை பார்த்தவர்கள் சுத்தமாக இல்லை. ஒரு கடை என்றால் முதலாளியும் ஏஜெண்டும் மட்டுமா? மேலாள், அடுத்தாள், பெட்டியடிப் பையன், சமையல் ஆள், எடுபிடி. இதில் சமையலுக்கும் எடுபிடிக்கும் போனவர்கள் பக்கத்துக் கிராமங்களைச் சேர்ந்த மற்றச் சமூகத்துப் பிள்ளைகள், பதினாலு பதினைந்து வயசில் போனவர்கள்.

எனக்குத் தெரிந்த ஒரு வீட்டில் ஒரு பேரேடு இருக்கிறது. நடந்து வந்தவர் வேட்டியில் சுற்றி முதுகில் கட்டிக்கொண்டு வந்தது என்று சொன்னார்கள். மேல் அட்டையில் தண்ணீர்க் கறை. விஷு வருஷம் மார்கழி மாதம், அதாவது ரங்கூனில் குண்டு விழுந்த அந்த மார்கழி வரைக்கும் பற்று வரவு ஒழுங்காக, ஒரே கையெழுத்தில், தமிழ் எண்ணில் இருக்கிறது. கடன் வாங்கிய பர்மியர்களின் பேர் இருக்கிறது, அவர்கள் ஊர் இருக்கிறது, அடகு வைத்த மாட்டுக்குக்கூட அடையாளம் எழுதியிருக்கிறார்கள். மாதச் சம்பள வரியில் மட்டும் சமையல் வகைக்கு என்று தொகை. பேர் இல்லை. பக்கத்துக்குப் பக்கம் புரட்டிப் பார்த்தேன், எங்கேயும் இல்லை. அந்த ஆள் எங்கே போனார் என்று வீட்டுக்காரரிடம் கேட்டபோது அவருக்கும் முகம் மாறிவிட்டது, இதுவரை யாரும் கேட்டதில்லை என்றார்.

மலாயாவுக்கு ரப்பர் தோட்ட வேலைக்குப் போனவர்கள் கதை இன்னும் மோசம். மூன்று மாத வேலை, நல்ல கூலி என்று சொல்லி ஆயிரக்கணக்கான தமிழர்களை ஜப்பான்காரர்கள் சயாம் என்கிற தாய்லாந்திலிருந்து பர்மாவுக்கு ரயில் பாதை போடக் கொண்டுபோனார்கள். 1942 நடுவிலிருந்து 1943 அக்டோபர் வரை காட்டை வெட்டி 415 கிலோமீட்டர் போட்ட பாதை. அங்கே செத்த வெள்ளைக்காரக் கைதிகளுக்குக் காஞ்சனபுரியில் ஆளுக்கொரு கல், கல்லில் பேர், ஏழாயிரம் பேர் அளவில். பர்மாவில் யாங்கோனுக்கு வடக்கே தௌக்யான் நினைவிடத்தில் கல்லறை இல்லாமல் போன சிப்பாய்கள் ஏறக்குறைய 27,000 பேரின் பேரைத் தூணில் வெட்டி வைத்திருக்கிறார்கள், இந்தியச் சிப்பாய்களும் அதில் உண்டு. பட்டாளத்தில் சேர்ந்தவனுக்குப் பேர் எழுதி வைக்க ஒரு ஆபீஸ் இருந்தது. மண்வெட்டியோடும் கரண்டியோடும் போனவர்களுக்கு அது இல்லை.

சரி, நீங்கள் என்ன செய்யலாம்? அந்த முதலாளி வீட்டுக்கு ஒரு நாள் போங்கள். சண்டைக்காக என்று நினைத்துவிடுவார்களோ என்ற தயக்கம் வேண்டாம். எந்த ஊரில் கடை, என்ன விலாசம், கடைசியாகக் கடிதம் எப்போது வந்தது என்று கேளுங்கள், பழைய கடிதக்கட்டு இருந்தால் கூடவே உட்கார்ந்து பாருங்கள். கணக்கில் இல்லாத பேர் கடிதத்தில் இருக்க வாய்ப்பு உண்டு, இன்னாருக்குக் காய்ச்சல், இன்னார் வீட்டுக்குப் பத்து ரூபாய் கொடுக்கவும் என்று ஏஜெண்டு எழுதியிருப்பார். உங்கள் பக்கம், சம்பளப் பணம் அந்த வீட்டுக்காரர்கள் மூலமாகத்தான் வந்திருக்கும், அதை யார் கையில் வாங்கினார்கள் என்று விசாரியுங்கள். முதலாளி வீட்டாருக்கும் இதன் வழியாகவே சொல்கிறேன்: உங்கள் வீட்டுப் படைப்பில் ஒரு இலை அந்தச் சமையல்காரருக்கும் சேரும். உங்கள் ஐயா கடைசியாகச் சாப்பிட்ட சோறு அவர் வடித்ததாக இருக்கும்.

கே: இலங்கைத் தமிழர் முகாமுக்குப் பக்கத்துத் தெரு எங்களுடையது. தீபாவளிக்கு வெடிச்சத்தம் கேட்டால் அங்கே ஒரு பாட்டி கட்டிலுக்கு அடியில் போய்விடுகிறார். பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்வது? – வாசகி, சிவகங்கை மாவட்டம்

ப: நேராகவே சொல்லுங்கள், பாட்டி இருந்த ஊரில் அந்தச் சத்தத்துக்குப் பிறகு ஆட்கள் செத்தார்கள் என்று. பிள்ளைகளுக்குப் புரியும். நம் மாவட்டத்திலேயே கொள்ளுக்குடிப்பட்டிக்காரர்கள் வேட்டங்குடிக்கு வருகிற பறவைகள் மிரளக் கூடாது என்று பல வருஷமாகத் தீபாவளிக்கு வெடி வெடிப்பதில்லை. ஒரு பாட்டிக்காக ஒரு தெரு அதைச் செய்யலாம். மத்தாப்பும் புஸ்வாணமும் சங்குசக்கரமும் போதும்.

கே: பூர்வீக வீட்டை விற்கிறோம். மச்சு நிறையப் பழைய கணக்குப் புத்தகங்கள். பழைய சாமான் வாங்க வந்தவர் தூணுக்கும் கதவுக்கும் விலை பேசிவிட்டு, புத்தகத்தை எடைக்குப் போடுங்கள் என்கிறார். – வாசகர், கொத்தமங்கலம்

ப: போடாதீர்கள், தயவு செய்து. தேக்குத் தூண் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவுக்குப் போனாலும் தூணாகவே இருக்கும், இது கூழாகிவிடும். கோட்டையூரில் ரோஜா முத்தையா சேர்த்து வைத்த புத்தகங்களால்தான் சென்னையில் அவர் பேரில் ஆராய்ச்சி நூலகம் வந்தது, அங்கே கேட்டுப் பாருங்கள். காரைக்குடியிலேயே அழகப்பா பல்கலைக்கழகத்தில் வரலாற்றுத் துறையிலும் கேட்கலாம். அதுவரைக்கும் தரையில் வைக்காமல், வசம்பு போட்டுத் துணியில் கட்டி வையுங்கள். ஒவ்வொரு புத்தகத்திலும் முதல் பக்கம், கடைசியாக எழுதிய பக்கம், சம்பளக் கணக்கு வருகிற பக்கம் மூன்றையும் போனில் படம் எடுத்துவிடுங்கள். நடுவில் செருகி வைத்த துண்டுச் சீட்டுகளை உதறி எறிந்துவிடாதீர்கள்.

கே: ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளை ஊர்ப் பெரியவர்களிடம் அனுப்பிப் போர்க்கால நினைவுகளைக் கேட்டு எழுதச் சொல்லலாம் என்று இருக்கிறேன். போன முறை முயன்றபோது, ‘அதெல்லாம் எதுக்கு’ என்று அனுப்பிவிட்டார்கள். எப்படிக் கேட்பது? – ஆசிரியை, புதுவயல்

ப: முதலில், சீக்கிரம் அனுப்புங்கள் டீச்சர். 1942-ல் எட்டு வயசுப் பிள்ளைக்கு இப்போது தொண்ணூறு தாண்டிவிட்டது. அவர்களோடு நிறுத்தாமல் காரைக்குடி பர்மா காலனிக்கும் பிள்ளைகளை அழைத்துப் போங்கள். 1962-ல் பர்மாவில் ராணுவத் தளபதி நே வின் ஆட்சியைப் பிடித்து, 1964-ல் கடைகளை அரசுடைமை ஆக்கி, ஐம்பது நூறு கியாட் நோட்டுகளைச் செல்லாது என்று அறிவித்த பிறகு, கட்டின துணியோடு கப்பல் ஏறிச் சென்னையில் இறங்கியவர்கள் பலர். அப்போது பள்ளிக்கூடப் பிள்ளைகளாக இருந்தவர்களுக்கு இப்போது எழுபதை ஒட்டி வயசு, நன்றாகவே பேசுவார்கள். 1942-ல் நடந்து வந்து, சண்டை முடிந்ததும் திரும்பப் போய், 1964-ல் இரண்டாவது தடவையாக எல்லாவற்றையும் விட்டு வந்த வீடுகளும் அதில் உண்டு.

போரைப் பற்றிச் சொல்லுங்கள் என்று கேட்டால் யாரும் சொல்ல மாட்டார்கள், எங்கிருந்து ஆரம்பிப்பார்கள் பாவம். சின்னதாகக் கேட்கச் சொல்லுங்கள். கிளம்பும்போது கையில் என்ன எடுத்தீர்கள்? யார் யார் கூட நடந்தீர்கள்? ராத்திரி எங்கே படுத்தீர்கள்? அரிசி யார் சுமந்தது? இங்கேயே இருந்த ஆச்சிகளிடம், கடிதம் வராத வருஷங்களில் கடையில் சாமான் யார் கடனாகக் கொடுத்தார்கள், பிள்ளைகளுக்குச் சோற்றுக்குப் பதில் என்ன போட்டீர்கள் என்று கேட்கலாம். வீட்டில் வேலை பார்த்தவர்கள் குடும்பத்துக்கும் பிள்ளைகள் கட்டாயம் போக வேண்டும், பெரிய வீட்டோடு நின்றுவிடக் கூடாது. ஒரே நாளில் எல்லாவற்றையும் கேட்க வேண்டாம். பேச்சு நின்றால் பிள்ளைகளும் பேசாமல் உட்கார்ந்திருக்கட்டும், காப்பி கொடுத்தால் குடித்துவிட்டு வரட்டும், அடுத்த வாரம் மறுபடி போகட்டும். எந்த ஆளைப் பற்றிப் பேச்சு வந்தாலும், அவர் பேர் என்ன, எந்த ஊர் என்று அங்கேயே கேட்டு எழுதிக்கொள்ளச் சொல்லுங்கள். எழுதி முடித்ததை அவர்களிடமே ஒரு தரம் சத்தமாக வாசித்துக் காட்ட வேண்டும். பேர் தப்பாக இருந்தால் அவர்களே திருத்துவார்கள், திருத்தும்போது விட்டுப்போன இன்னும் இரண்டு பேரையும் சேர்த்துச் சொல்வார்கள்.